ஆறு மணிக்கு நின்ற கதை

ஹௌடா,
செப்டம்பர் 4, 2011, ஞாயிறு

அன்புள்ள லுப்னாவுக்கு,

நலம். இந்த ஊரைவிட்டுச் சொந்த நாடு திரும்பிய நீயும் உன் தாயாரும் நாடோரில் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். நீ அனுப்பிய பெட்டி போன வாரம் வந்து சேர்ந்தது. அத்திப்பழம் ஒன்றுகூட நசுங்கவில்லை. கயிறு கட்டியது உன் தாயார் என்றால், நான் நூற்றுக்கு நூறு போட்டதாக அவரிடம் சொல். என்னைப் படிக்கவைத்த கன்னியாஸ்திரிகள் யாருக்கும் அவ்வளவு மதிப்பெண் போட்டதில்லை, நானும் போட்டதில்லை.

என் ஹார்மென் இறந்ததற்கு நீ எழுதிய அட்டைக்கு இவ்வளவு தாமதமாக நன்றி சொல்கிறேன். வந்த வரிசைப்படிதான் பதில் எழுதுவது என்று வைத்துக்கொண்டேன். உங்கள் ஊர்த் தபால் மெதுவாக வந்தது, ஆகவே உன் முறையும் மெதுவாக வந்தது. ஆனால் எத்தனையோ அட்டைகளில் உன்னுடையதைத்தான் கண்ணாடி அலமாரியில் நிறுத்தி வைத்திருக்கிறேன். அதில் நீ இறைவனைப் பற்றி எதுவும் எழுதாமல், "அவர் குரல் இன்னும் என் காதுல இருக்கு அத்தை" என்று மட்டும் எழுதியிருந்தாய். மற்றவர்கள் எழுதியதைவிட அது எனக்கு உதவியாக இருந்தது.

அடக்கத்தன்று தேவாலயத்துக்கு வெளியேயும் ஆட்கள் நின்றார்கள். எல்லோரும் ஒரு காலத்தில் நம் முன்னறைத் தரையில் சப்பணமிட்டு உட்கார்ந்த பிள்ளைகள். இப்போது தலை நரைத்தும் வயிறு தள்ளியும் இருக்கிறார்கள். என் கையைப் பிடித்து ஆறுதல் சொல்வார்கள் என்று எதிர்பார்த்தேன். சொன்னார்கள். சொன்ன கையோடு, குரலைத் தாழ்த்தி, ஒருவர் விடாமல் கேட்டார்கள்: "அத்தை, அந்த நாய் படகைப் பிடிச்சுதா?"

அந்தக் கேள்விக்காகத்தான் இந்தக் கடிதம். அதற்கு முன் இன்னொன்று. ஹார்மென் சொன்ன கதைகளைப் புத்தகமாகப் போடுகிறார்கள். முன்னால் சேர்க்க அவருடைய வாழ்க்கையை ஒரு பக்கத்தில் எழுதித் தரச் சொன்னார்கள். உன்னிடம் எழுதிப் பார்க்கிறேன். தவறு இருந்தால் சொல்.

ஹார்மென் டெல்ஸ்மா சரக்குப் படகில் பிறந்தவர். அவருடைய தந்தை உருளைக்கிழங்கும் சரளைக்கல்லும் ஏற்றிக்கொண்டு நாடு முழுக்கக் கால்வாய்களில் ஓடியவர். படகு எந்த ஊரில் நிற்கிறதோ அந்த ஊர்ப் பள்ளியில் பையன் சில நாள் கடைசி பெஞ்சில் உட்காருவான். ஆசிரியை ஒரு கதையைத் தொடங்குவார். அது முடிவதற்குள் சரக்கு இறங்கிவிடும், படகு கிளம்பிவிடும். அடுத்த ஊரில் வேறு ஆசிரியை, வேறு கதை, அதுவும் நடுவிலிருந்து. சிறு வயதில் அவர் ஒரு கதையைக்கூட முழுதாகக் கேட்டதில்லை. மீதியைப் படகின் மூக்கில் உட்கார்ந்து தனக்குத் தானே சொல்லிக்கொண்டார். அவர் கதைசொல்லி ஆனது அப்படித்தான். வேறு பள்ளி எதுவும் இல்லை.

இளைஞராக இருந்தபோது ஒரு நாள், படகுகள் கதவு திறக்கக் காத்து நிற்கும் இந்த ஊர்க் கால்வாய் மதகருகே, என் பெரியம்மாவின் மளிகைக் கடைக்குப் பயறு வாங்க வந்தார். நான் நிறுத்துக்கொண்டிருந்தேன். தராசு முள் நடுவில் நின்றால்தான் நான் பொட்டலத்தை மடிப்பேன், இன்றைக்கும் அப்படித்தான். அதற்குள் மதகு திறந்தது, அவர் தந்தை படகின் புறப்பாட்டுச் சங்கை ஊதினார், படகு போய்விட்டது. அதன் பிறகு ஹார்மென் இந்த ஊரைவிட்டுப் போகவில்லை. வீட்டுக்கு யார் வந்தாலும் அவர் சொல்கிற வேடிக்கை உனக்கு நினைவிருக்கும்: "இவ தராசாலதான் என் படகு போச்சு." எல்லோரும் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன்.

இந்தப் பகுதியைப் புத்தகத்துக்குத் தரமாட்டேன், உனக்கு எழுதுகிறேன். தங்கள் சபையைச் சேராத கத்தோலிக்கக் கடைக்காரியைக் கட்டிக்கொண்டான் என்று அவர் தந்தை அதன் பிறகு மகனோடு பேசவே இல்லை. ஹார்மென் அதே மதகில் வேலைக்குச் சேர்ந்தார். தந்தையின் படகு வரும். இவர் கதவைத் திறந்துவிடுவார். கட்டணம் வாங்க ஒரு மரச்செருப்பைக் கயிற்றில் கட்டிக் கீழே இறக்குவார். தந்தை அண்ணாந்து பார்க்காமல் காசை அதில் போடுவார். படகு போய்விடும். "இவ தராசாலதான்" என்று அவர் சொல்லி மற்றவர்கள் சிரிக்கும்போதெல்லாம் அந்த மரச்செருப்பு என் கண்முன் ஆடும். அவரிடம் அதை நான் சொன்னதில்லை.

பிள்ளைகள் எங்களுக்கு இல்லை. புதன்கிழமை மதியத்துக்கு மேல் பள்ளி விடுமுறை என்பதால், ஊரார் பிள்ளைகள் எல்லாம் எங்கள் முன்னறைக்கு வந்தார்கள். கொஞ்ச காலம் வானொலியிலும் கதை சொன்னார். நல்ல பெயர் வந்தது. ஆனால் திரும்பி வந்துவிட்டார். ஒலிவாங்கி "அப்புறம்?" என்று கேட்பதில்லையாம்.

அவர் எத்தனையோ கதைகள் சொன்னாலும், பிள்ளைகள் கேட்டது பிம் என்ற நாயின் கதையைத்தான். பிம் ஒரு சரக்குப் படகின் நாய். மதகருகே இருந்த கடையில் யாரோ வைத்த தட்டை நக்கிக்கொண்டிருந்தபோது படகு கிளம்பிவிட்டது. அது கரையோரமாகவே ஓடுகிறது, மதகு மதகாக. ஒவ்வொரு புதன்கிழமையும் ஒரு மதகு. ஒவ்வொரு மதகிலும் படகு அப்போதுதான் போயிருக்கும். ஆறு மணி ஆகும். நான் உருளைக்கிழங்கு வடிப்பேன், ஆவி ஜன்னல் கண்ணாடியில் படியும், அதைப் பார்த்ததும் அவர் நிறுத்திவிடுவார். பிள்ளைகள் முனகிக்கொண்டே காலணி மாட்டுவார்கள். ஆறு மணிக்கு அவரவர் வீட்டில் அவரவர் தட்டு என்பது இந்த ஊர் ஒழுங்கு. இருவருக்கு என்று எண்ணிப் போட்ட உருளைக்கிழங்கு மூவருக்கு ஆகாது. அதில் எனக்கு இன்றைக்கும் வெட்கம் இல்லை.

இப்படி ஏறக்குறைய ஐம்பது வருடம் ஓடிய நாய் எங்கேயும் போய்ச் சேரவில்லை. கடைசியில் வாதம் வந்து ஹார்மெனின் பேச்சை எடுத்துக்கொண்டது. இரண்டு வருடம் என் கையை மட்டும் தட்டிக்கொண்டிருந்தார்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். பாலாடைக்கட்டி வியாபாரி ரூலோஃபை உனக்குத் தெரியும். எங்கள் தரையில் உட்கார்ந்த முதல் பிள்ளைகளில் ஒருவர், இப்போது அறுபது வயது. அவர் முன்னின்று ஊரில் குழு அமைத்து, மதகருகே பிம்முக்கு வெண்கலச் சிலை வைக்கிறார். ஹார்மெனின் பிறந்தநாளில், அக்டோபர் ஐந்தாம் தேதி திறப்பு. அன்றைக்கே புத்தகமும் வெளிவருகிறது. போன வியாழக்கிழமை பதிப்பகத்துப் பெண்ணை அழைத்துக்கொண்டு காப்பிக்கு வந்தார். ஆளுக்கு ஒரு பிஸ்கட் வைத்தேன். ரூலோஃப் இரண்டாவதற்காக டப்பாவைப் பார்த்தார். நான் மூடிவிட்டேன்.

கடைசி அத்தியாயத்தை வாடகைக்கு ஓர் எழுத்தாளரைப் பிடித்து எழுதவைத்திருக்கிறார்கள். அதில் பிம் ஒரே தாவில் படகில் ஏறுகிறது. படகுக்காரர் அழுகிறார். எல்லோரும் கிரீம் கேக் சாப்பிடுகிறார்கள். நான் சிவப்புப் பென்சிலை எடுத்தேன். எழுத்துப்பிழை எதுவும் இல்லை. அதனால் கோபம் கூடியது.

"ஹார்மென் கதையில யாரும் கேக் சாப்பிட்டதில்லை, அவங்களுக்கு நேரமே இருந்ததில்லை" என்றேன்.

"அத்தை, நான் ஏழு வயசுலேர்ந்து காத்திட்டிருக்கேன். அந்த நாய் படகு ஏறியே ஆகணும்" என்றார் ரூலோஃப்.

"உன் ஆசைக்காக அது ஏறாது."

"சரி, அப்போ நீங்க சொல்லுங்க. மாமா மனசுல என்ன முடிவு இருந்துச்சு? உங்களுக்குத் தெரியுமா தெரியாதா?"

லுப்னா, நான் டப்பாவை எடுத்து அலமாரிக்குள் வைத்தேன். ஐம்பத்தைந்து வருடம் அவரோடு வாழ்ந்தவள் நான். கதை நேரத்தில் நான் சமையலறையில் இருந்தேன்.

"தெரியாதுல்ல? அப்போ அச்சுக்குப் போறது இதுதான். மாசக் கடைசி வரைக்கும் பார்ப்போம்" என்றார். மரியாதை இல்லாமல் சொல்லவில்லை. இந்த ஊரில் இப்படித்தான் பேசுவோம்.

அவர்கள் போன பிறகுதான் உன் தாயாரின் பானை நினைவுக்கு வந்தது. நீங்கள் எங்கள் தெருவுக்குக் குடிவந்த புதிது, நீ அப்போது எட்டு வயதுப் பெண். உனக்கு வேறு விதமாக நினைவிருக்கலாம். நான் பார்த்தபடி எழுதுகிறேன்.

மழை பெய்த ஒரு புதன்கிழமை. ஆறு மணிக்கு எல்லாப் பிள்ளைகளும் போய்விட்டார்கள். நீ மட்டும் நடையில், கால்மிதியின் மேல் நின்றுகொண்டிருந்தாய். ஏன் போகவில்லை என்று கேட்டதற்கு, "நீங்க சாப்பிட்டு முடிங்க, நான் நிக்கிறேன். அப்புறம் மீதியச் சொல்லட்டும்" என்றாய். அதில் தவறாக எனக்கு எதுவும் படவில்லை. எங்கள் ஊரில் பிள்ளைகள் அப்படிக் காத்திருப்பது உண்டு. நானும் ஹார்மெனும் சாப்பிட உட்கார்ந்தோம்.

உன்னைத் தேடிக்கொண்டு உன் தாயார் மிமூந்த் வந்தார். அப்போது அவருக்கு எங்கள் மொழி நான்கு சொல் தெரியுமோ என்னவோ. நடையில் நிற்கும் மகளைப் பார்த்தார். சாப்பிட்டுக்கொண்டிருந்த எங்களைப் பார்த்தார். என் பாத்திரத்தை எட்டிப் பார்த்தார். முகத்தில் கோபம் இல்லை, பரிதாபம்தான் இருந்தது. திரும்பிப் போனார். கால் மணி நேரத்தில் ஒரு பெரிய பானையைத் துணியில் சுற்றிச் சுமந்துகொண்டு வந்தார். பூசணியும் ஆட்டிறைச்சியும் மேலே குவித்த கூஸ்கூஸ், உங்கள் ஊர்க் கோதுமைக் குருணைச் சோறு. அதை மேசை நடுவில் வைத்து, "சாப்பிடு, சாப்பிடு" என்று என் தோளைத் தட்டினார்.

இந்த வீட்டில் மூன்றாவது ஆளுக்குப் போட உணவு இல்லை என்று அவர் நினைத்துவிட்டார்.

என்னை ஏழை என்று இதற்கு முன் யாரும் நினைத்ததில்லை. என் பிறந்த ஊர்ப் பக்கம், பிராபான்டில், என் தந்தைக்கு இரண்டு பண்ணை இருந்தது. உடனே மாடிக்குப் போனேன். திருமணத்துக்கு வந்த பொன்விளிம்புத் தட்டுகள் செய்தித்தாளில் சுற்றி அலமாரி மேலே இருந்தன. ஒவ்வொன்றாகப் பிரித்து, கழுவி, துடைத்தேன். நிலவறைக்குப் போய்ப் பாகில் போட்ட பேரிக்காய் ஜாடிகளை எடுத்தேன். எங்களிடம் என்னென்ன இருக்கிறது என்று காட்டாமல் உட்காருவதில்லை என்ற முடிவோடு இருந்தேன். நான் கீழே வந்தபோது கூஸ்கூஸ் பாதி ஆகியிருந்தது. நீ ஹார்மெனின் மடிப்பக்கம் சாய்ந்துகொண்டு, வாயைத் திறந்தபடி இருந்தாய். அவர், "அவ்வளவுதான்" என்று கையைத் தட்டித் துடைத்துக்கொண்டார்.

அவர் "அவ்வளவுதான்" என்று சொல்லி நான் வேறெப்போதும் கேட்டதில்லை. "மீதி அடுத்த புதன்" என்றுதான் சொல்வார். அன்று எனக்குத் தட்டுகள்தான் முக்கியமாக இருந்தன, இதைக் கவனிக்கவில்லை. போன வியாழக்கிழமைதான் கவனித்தேன்.

அன்று அவர் உன்னிடம் சொன்னது பிம்மின் முடிவா? உனக்கு நினைவிருக்கிறதா? நினைவில்லை என்றால் இல்லை என்றே எழுது. எனக்காக எதையும் இட்டுக்கட்டாதே. கேக் இருந்தாலும் ஏற்றுக்கொள்கிறேன், அவர் சொன்னதாக இருந்தால்.

உன் தாயாருக்கு என் மதிப்பான வணக்கம். அவருடைய முழங்கால் இப்போது எப்படி இருக்கிறது என்றும் எழுது.

உன் பதிலை எதிர்பார்த்து, தினமும் தபால்காரரை வாசலில் நிற்கவைத்துக் கேள்வி கேட்கும்,
பெட்ரோனெல்லா டெல்ஸ்மா


ஹௌடா,
செப்டம்பர் 19, 2011, திங்கள்

அன்புள்ள லுப்னாவுக்கு,

போன புதன்கிழமை நீ தொலைபேசியில் கூப்பிட்டதற்கு நன்றி. கடிதத்துக்குக் கடிதம்தான் முறை என்று நான் முதலில் சொன்னதைப் பொருட்படுத்தாதே. உன் குரலைக் கேட்டதும் கொஞ்சம் தடுமாறிவிட்டேன். தடுமாறினால் நான் முறைகளைப் பற்றிப் பேசுவேன்; ஹார்மென் உயிரோடு இருந்திருந்தால் உனக்கு விளக்கியிருப்பார்.

நீ சொன்னதை எழுதி வைக்கிறேன். தொலைபேசியில் இரைச்சல் இருந்தது. உன் தாயார் வேறு பின்னால் சத்தம் போட்டுக்கொண்டிருந்தார். நான் கேட்டது சரிதானா என்று ஒவ்வொரு வரியாகச் சரிபார். தவறு இருந்தால் திருத்தி அனுப்பு. இதில் ஒரு சொல்லும் என்னுடையதாக இருக்கக்கூடாது.

முதலில் நீ கேட்டது: "உங்களுக்குத் தெரியாதா அத்தை? எல்லாருக்கும் தெரியும்னுதானே நான் நினைச்சிட்டிருந்தேன்."

உனக்கு மட்டும் எப்படிச் சொன்னார் என்று நான் கேட்டேன். நீ சொன்னாய்: "தட்டு வச்சதும் நான்தான் கேட்டேன், பிம் படகைப் பிடிச்சுதா மாமான்னு. அவர் சொன்னார், 'கதையோட முடிவு மேசைக்குத்தான் வரும், கண்ணு, வாசலுக்கு வராது. இன்னிக்குத்தான் ஒருத்தி மேசை வரைக்கும் வந்திருக்கா'ன்னு."

அதைக் கேட்டு நான் ரிசீவரை மேசைமேல் வைத்துவிட்டு நாற்காலியை இழுத்து உட்கார்ந்தேன். இணைப்பு அறுந்துவிட்டதென்று நீ "அலோ, அலோ" என்றாய். அறுந்திருக்கவில்லை.

பிறகு முடிவைச் சொன்னாய். பிம் ஓடி ஓடி, கடலுக்கு முன்னால் இருக்கும் கடைசி மதகில் படகைப் பிடித்துவிட்டது. படகில் எல்லோரும் கை காட்டிக் கூப்பிட்டார்கள். பலகை போட்டார்கள். பிம் பலகையில் முன்னங்காலை வைத்தது. படகுக்காரரின் கையை ஒரு முறை நக்கியது. பிறகு காலை எடுத்துக்கொண்டு, வந்த வழியே திரும்பி ஓடத் தொடங்கியது. எல்லா மதகுகளையும் தாண்டி, முதல் மதகருகே இருந்த அந்தக் கடைக்கே போய்ச் சேர்ந்தது. கடைக்கார அம்மா கதவைத் திறந்து, "கால் தொடச்சிட்டு வா" என்றாள். பிம் துடைத்துக்கொண்டு உள்ளே போனது. அதன் பிறகு படகு அந்த வழியாகப் போகும்போதெல்லாம் அது கரைக்கு வந்து நிற்கும். படகு போனதும் வீட்டுக்குச் சாப்பிடப் போகும்.

நீ அழுதுவிட்டாயாம். எட்டு வயதில் அது நியாயம்தான். "அப்போ முதல் நாள் அது படகைத் தவற விட்டதாலதானே இவ்வளவு கஷ்டம்" என்று கேட்டாயாம். அதற்கு அவர் சொன்னதாக நீ சொன்ன வரியை இங்கே எழுதுகிறேன். இதை மட்டும் இரண்டு முறை சரிபார்.

"தவற விடலம்மா. முதல் நாளே சங்கு கேட்டுச்சு. கேட்டும்தான் உக்காந்திருந்துச்சு. அந்த அம்மா தட்டு வைக்கிறதையே பாத்துக்கிட்டு. ஆனா யார்கிட்டயும் சொல்லல."

"அப்புறம் எதுக்கு அவ்வளவு தூரம் ஓடணும்?"

"சொல்லாம வந்துட்டமேன்னு. போயிட்டு வரேன்னு சொல்லத்தான் ஓடுச்சு."

லுப்னா, இதை நான் எழுதும் இடம் அந்தச் சமையலறை மேசைதான். தராசு இப்போதும் ஜன்னலோரம் இருக்கிறது. கடை மூடியபோது நான் எடுத்துக்கொண்ட ஒரே பொருள் அது. இத்தனை வருடமாக அந்தத் தராசைத் துடைக்கும்போதெல்லாம் ஒரு மகனையும் தந்தையையும் பிரித்த பொருள் என்று நினைத்துத்தான் துடைத்தேன். அவருக்குச் சங்கு கேட்டிருக்கிறது. கேட்டுக்கொண்டேதான் என் கடையில் நின்றிருக்கிறார். இருபத்தேழு வருடமாக இந்தச் செய்தி உன்னிடம் பத்திரமாக இருந்திருக்கிறது. உனக்கு எப்படி நன்றி சொல்வதென்று எனக்குத் தெரியவில்லை. எனக்குத் தெரிந்த நன்றி வாசகங்கள் கன்னியாஸ்திரிகள் சொல்லிக்கொடுத்தவை. அவை பரிசுப் பொருளுக்கும் விருந்துக்கும்தான் பொருந்தும்.

உன் தாயார் பின்னாலிருந்து என்ன சத்தம் போடுகிறார் என்று கேட்டேன். நீ சிரித்துக்கொண்டே மொழிபெயர்த்தாய்: "'பாவம் அந்த அம்மா, தனியாவா சாப்பிடுது? சாப்பாடு இருக்கா இல்லையான்னு கேளு'ங்கறாங்க." அவரிடம் சொல்: இருக்கிறது. ஆனால் தனியாகத்தான்.

ஊரில் நடந்ததைச் சொல்கிறேன். அன்று மாலையே ரூலோஃபைக் கூப்பிட்டேன், ஆறு மணிக்கு வரச் சொல்லி. "ஆறு மணிக்கா?" என்று இரண்டு முறை கேட்டார். உடம்பு சரியில்லையோ என்று பயந்துவிட்டாராம். நல்ல சட்டை போட்டுக்கொண்டு வந்து, பழைய பழக்கத்தில் நடையிலேயே நின்றார். உட்கார் என்றேன். பொன்விளிம்புத் தட்டு வைத்தேன். உருளைக்கிழங்கு, பட்டாணி, கொஞ்சம் வதக்கிய இறைச்சி. அவர் முதல் கவளம் எடுத்த பிறகுதான் முடிவைச் சொன்னேன். அதுதான் ஹார்மென் வைத்த விதி என்றால், அதன்படியே நடக்கட்டும்.

ரூலோஃப் முள்கரண்டியைக் கீழே வைத்துவிட்டார். "அப்போ அது தவற விடவே இல்லையா?"

"இல்லை."

"நான் பாட்டுக்கு இத்தனை வருஷமா அந்த நாய நெனச்சுக் கவலப்பட்டுட்டு இருந்தேனே அத்தை."

"நானும்தான்" என்றேன்.

அவர் இன்னும் கொஞ்சம் உருளைக்கிழங்கு கேட்டார். இருந்தது. கூடுதலாகவே போட்டிருந்தேன்.

பிறகு சிலையைப் பற்றிப் பேசினோம். ஓடுகிற நாயாகத்தான் வார்த்திருக்கிறார்கள், கடலை நோக்கி ஓடுவது போல நிறுத்துவதாக ஏற்பாடு. இனி அதை உருக்க முடியாது. "ஓடட்டும். ஓடுறது தப்பில்லை. திருப்பி வச்சாப் போதும்" என்றேன். ரூலோஃப் ஜன்னல் வழியாக மதகைப் பார்த்தார், நம் வீட்டு வாசலைப் பார்த்தார், விரலால் காற்றில் ஒரு கோடு இழுத்தார். மறுநாள் காலையே கொத்தனாரைக் கூட்டிக்கொண்டு வந்து பீடத்தைத் திருப்பிவிட்டார். இப்போது அது கடலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, நேராக நம் வாசலை நோக்கி ஓடும்.

புத்தகத்தைப் பற்றி நான் எடுத்த முடிவு இது. கேக் அத்தியாயம் போய்விட்டது. உன் முடிவும் அச்சில் வராது. ஹார்மென் எங்கே நிறுத்துவாரோ அங்கேயே புத்தகமும் நிற்கும்: ஜன்னலில் ஆவி படிகிறது, பிம் இன்னொரு மதகுக்கு ஓடுகிறது. பதிப்பகத்துப் பெண் தலையில் கை வைத்துக்கொண்டாள். "முடிவே இல்லாத புத்தகத்த யார் மேடம் வாங்குவாங்க?" என்றாள். ரூலோஃப்தான் பதில் சொன்னார்: "முடிவு வேணும்னா புதன்கிழம ஆறு மணிக்கு அத்தை வீட்டுக்குப் போகச் சொல்லு. ஆனா ரெண்டாவது பிஸ்கட் எதிர்பார்க்க வேண்டாம்னும் சொல்லிடு."

அவர் வேடிக்கையாகச் சொன்னார். நான் அதை அப்படியே எடுத்துக்கொண்டேன். அக்டோபர் ஐந்தாம் தேதி புதன்கிழமை. சிலை திறந்ததும், வருகிற பிள்ளைகள் நம் முன்னறையில் உட்காரட்டும். பிம்மின் ஒரு மதகை வாசிக்கட்டும். ஆறு மணிக்கு நான் உருளைக்கிழங்கு வடிப்பேன். ஆனால் அன்றைக்கு யாரும் காலணி மாட்ட வேண்டாம். தாய்மார்களிடம் முன்கூட்டியே அனுமதி கேட்கச் சொல்லியிருக்கிறேன். அவர்கள் ஒருவருக்கொருவர் தொலைபேசியில் பேசிக்கொண்டு, அந்த அம்மாவுக்கு என்ன ஆயிற்று என்று விசாரித்துக்கொண்டிருக்கிறார்கள். பெரிய பாத்திரம் ஒன்று வாங்கினேன். அடுப்பில் இரண்டு இடத்தை அடைக்கிறது, பார்க்க அசிங்கமாக இருக்கிறது. இருக்கட்டும்.

இதில் ஒரு குறை உண்டு. ரூலோஃபிடம் முடிவைச் சொன்னபோதே எனக்குத் தெரிந்துவிட்டது. நான் கதை சொன்னால் அது பள்ளியில் சொல்வதெழுதுதல் மாதிரி இருக்கிறது. முற்றுப்புள்ளியைக்கூட உச்சரித்துவிடுவேனோ என்று பயமாக இருந்தது. நேற்று கண்ணாடி முன்னால் நின்று இன்னொரு முறை முயன்றேன். பிம் படகுக்காரரின் கையை நக்கும் இடத்தில் கதையை விட்டுவிட்டுக் கண்ணாடியைத் துடைக்கத் தொடங்கிவிட்டேன். பிள்ளைகள் முன்னால் அப்படி ஆகக்கூடாது. நீ தொலைபேசியில் சொன்னபோது, "உக்காந்திருந்துச்சு" என்ற இடத்தில் ஹார்மென் நிறுத்துவது போலவே நிறுத்தினாய். நீ அறியாமலே செய்தாய் என்று நினைக்கிறேன். அவர் மூச்சு விடும் இடம்கூட அதுதான்.

ஆகவே கேட்கிறேன். கேட்பது எனக்குப் பழக்கமில்லை. வாக்கியம் சரியாக அமையவில்லை என்றால் பொறுத்துக்கொள். அக்டோபர் ஐந்தாம் தேதிக்கு வா. உன் துறைமுக அலுவலகத்தில் விடுப்பு கிடைக்குமா என்று பார். மாடியில் மதகைப் பார்த்த அறையைத் துடைத்து வைத்திருக்கிறேன். ஒரு வாரம் இரு. அதற்கு மேல் இருக்க முடியும் என்றாலும் சொல். மருத்துவர் என் இதயத்தைப் பற்றி ஏதோ நீளமாகச் சொன்னார். அதற்கு இந்தக் கடிதத்தில் இடம் போதாது. நேரில் வரும்போது தேவையிருந்தால் பேசிக்கொள்ளலாம். இந்த வீட்டில் புதன்கிழமைகள் எனக்குப் பிறகும் நடக்க வேண்டும் என்று ஓர் எண்ணம். அதையும் நேரில்தான் பேச வேண்டும்.

உன் தாயாரையும் அழைத்து வா. மேலே ஏறச் சிரமம் என்றால் கீழ் அறையில் கட்டில் போடுகிறேன். அந்தப் பெரிய பானை இன்னும் இருந்தால் மறக்காமல் கொண்டு வரச் சொல். அவருக்கு என் செய்தி இது, ஒரு சொல்லும் மாற்றாமல் மொழிபெயர்: அன்றைக்கு நீங்கள் நினைத்தது தவறு, என் வீட்டில் எல்லாம் இருந்தது. இப்போது நினைத்தால் அது சரியாக இருக்கும். இவ்வளவு பிள்ளைகளுக்கு என் ஒருத்தியின் சமையல் போதாது.

கடவுள் உங்கள் இருவரையும் பத்திரமாக இங்கே கொண்டுவந்து சேர்க்கட்டும். நான் ஆறு மணிக்குக் கதவைச் சாத்துகிறவள் என்று ஊரெல்லாம் சொல்லும். அன்றைக்குத் தாழ்ப்பாள் போடமாட்டேன். தட்ட வேண்டாம். மழைக்காலம், மதகுப் பக்கம் சேறாக இருக்கும்.

கால் துடைத்துவிட்டு உள்ளே வா.

உன்,
பெட்ரோனெல்லா அத்தை